பெயர் சொல்லாமலே சொன்ன பாவம்



சில மாதங்களுக்கு முன் அஸர் தொழுகை முடிந்து பிள்ளைகளுக்குப் பாடம் தொடங்கும் வேளையில் ஒரு தந்தை மதரஸா வாசலில் வந்து நின்றார். அவர் கையில் கைக்குட்டையால் சுற்றப்பட்ட ஒரு செல்பேசி இருந்தது. கல்லூரியில் படிக்கும் மகளுடையது. முந்தைய இரவு அவள் உறங்கிய பிறகு அதை எடுத்துத் துழாவியிருக்கிறார். அதில் அவள் பார்த்து முடித்திருந்த ஓர் அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் பட்டியல் இருந்தது. தன்பால் ஈர்ப்புடைய பெண்களான சில தோழிகளைப் பற்றிய தொடர். ஆறு சீசன்களும் பார்க்கப்பட்டிருந்தன.

"ஹஜ்ரத், என் மகள் கெட்டுப்போய்விட்டாள். இனிக் கல்லூரிக்கு அனுப்ப மாட்டேன். நீங்கள் ஓதிப் பார்க்க வேண்டும்" என்றார். அவர் குரல் உடைந்திருந்தது. நான் ஒரே ஒரு கேள்வி கேட்டேன். "பாய், இதை வேறு யாரிடம் சொன்னீர்கள்?" அவர் எண்ணிப் பார்த்தார். தம்ளர் தண்ணீரைக் கையில் வைத்துக்கொண்டு விரல்விட்டு எண்ணினார். மச்சானிடம், மூத்த அக்காவிடம், கடைக்கு வரும் நண்பரிடம், பள்ளிவாசல் செயலாளரிடம். ஃபஜ்ருக்கும் அஸருக்கும் இடையில் நான்கு பேர். அந்த நான்கு பேருக்கும் வீடு உண்டு. ஒவ்வொரு வீட்டிலும் வாட்ஸ்அப் உண்டு.

இந்தக் கட்டுரை அந்தத் தொடரைப் பற்றியது. ஆனால் அதைவிட அதிகமாக, கைக்குட்டையில் சுற்றப்பட்ட அந்தச் செல்பேசியைப் பற்றியது.

எதைப் பற்றிப் பேசுகிறோம்

ஒன்றைக் கண்டிக்க வேண்டுமானால் அது என்னவென்று தெரிந்திருக்க வேண்டும். பெயரைக் கேட்ட உடனே சாபமிடுவது மார்க்க அறிவாகாது. ஆகவே அத்தொடரின் காட்சிகளைப் பாராமல், ஒவ்வொரு பருவத்தின் கதைச் சுருக்கத்தையும் வாசித்து அறிந்துகொண்டேன்.

'தி எல் வேர்ட்' என்பது தொடரின் பெயர். ஷோடைம் என்ற அமெரிக்கக் கட்டணத் தொலைக்காட்சியில் 2004 ஜனவரி 18 அன்று தொடங்கி 2009 மார்ச் 8 அன்று முடிந்தது. இதை உருவாக்கியவர்களில் முதன்மையானவர் ஐலீன் சேக்கன். கதை நடப்பது லாஸ் ஏஞ்சல்ஸை ஒட்டிய வெஸ்ட் ஹாலிவுட்டில். படம்பிடித்தது பெரும்பாலும் கனடாவின் வான்கூவரில். கலைக்கூட நிர்வாகி பெட், அவளுடைய துணைவி டினா, பத்திரிகையாளர் ஆலிஸ், சிகையலங்காரக் கலைஞர் ஷேன், டென்னிஸ் வீராங்கனை டேனா, எழுத்தாளர் ஜென்னி ஆகியோர் ஒரு காப்பிக் கடையில் கூடிப் பேசுவதைச் சுற்றியே கதை நகர்கிறது. பத்தாண்டுகளுக்குப் பிறகு, 2019இல், இதே கதையின் தொடர்ச்சியாக இன்னொரு தொடரும் வந்தது. அது மூன்று பருவங்கள் ஓடி 2023இல் நிறுத்தப்பட்டது.

திருமணம், பார்வையின் வரம்பு, வெட்கம் ஆகியவை பற்றி நம் மார்க்கம் சொல்லியிருப்பதில் ஓர் எழுத்தைக்கூட நான் மாற்றப் போவதில்லை. அந்தத் தொடரை உங்கள் வீட்டில் பாருங்கள் என்றும் சொல்லவில்லை. இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டேன். இனி யாரும் என்னிடம் இந்தக் கேள்வியோடு வர வேண்டாம். ஆனால் அத்துடன் பேச்சை முடித்துக்கொண்டு எழுந்து போகிறவர் ஒரு பெரிய உண்மையைத் தவறவிடுகிறார். அந்தத் தொடரின் பிற்காலப் பருவங்களில் ஓடும் பெரும் பாவம் ஒன்று உண்டு. அதைச் செய்ய வெஸ்ட் ஹாலிவுட்டில் வாழ வேண்டியதில்லை. நம் தெருவில் வாழ்ந்தாலே போதும். அதன் பெயர் கீபத். புறம் பேசுதல்.

வெண்பலகையும் ஓர் எழுத்து மாற்றமும்

தொடரின் தொடக்கத்திலிருந்தே ஆலிஸின் வீட்டில் ஒரு வெண்பலகை இருக்கிறது. யாருக்கும் யாருக்கும் இடையில் உறவு இருந்தது என்று பெயர்களைக் கோடுகளால் இணைத்து அவள் அதில் எழுதி வைக்கிறாள். முதலில் அது தோழிகளுக்கு இடையிலான வேடிக்கை. பின்னர் கதைக்குள்ளேயே அது இணையத்துக்குப் போகிறது. திரைக்கு வெளியிலும் 2007இல் அதே பெயரில் உண்மையான ஓர் இணையதளம் தொடங்கப்பட்டது. பிறர் அந்தரங்கத்தின் வரைபடம் விற்பனைச் சரக்காயிற்று.

2008இல் வந்த ஐந்தாம் பருவத்தில் இது இன்னும் முற்றுகிறது. ஜென்னி தன் தோழிகளின் வாழ்க்கையைக் கதையாக எழுதியிருக்கிறாள். இப்போது அதைத் திரைப்படமாக இயக்குகிறாள். பெயர்களை மாற்றியிருக்கிறாளாம். எப்படி? டினா என்பவள் கதையில் நினா. பெட் என்பவள் பெவ். இதைத்தான் அவள் மறைத்தல் என்று நினைத்துக்கொள்கிறாள். படப்பிடிப்புத் தளத்தில் தம் சொந்தக் கண்ணீரை வேறு பெண்கள் நடித்துக் காட்டுவதை அந்தத் தோழிகள் நின்று பார்க்க வேண்டியிருக்கிறது. அதே பருவத்தில் ஆலிஸ், தன்னைப் போன்றவர்களை இழிவாகப் பேசிய ஒரு கூடைப்பந்து வீரரின் சொந்த இரகசியத்தை உலகறியச் செய்கிறாள். அந்த வெளிப்படுத்தலே அவளுக்குத் தொலைக்காட்சி வாய்ப்பைப் பெற்றுத் தருகிறது. அவன் நயவஞ்சகன் என்பது அவள் வாதம். இருக்கலாம். ஆனால் ஒருவனின் நயவஞ்சகம் அவனது அந்தரங்கத்தின் பூட்டை உடைக்க நமக்குத் தரப்பட்ட சாவியா?

நபி (ஸல்) அவர்கள் கீபத் என்றால் என்ன என்று விளக்கியதை முஸ்லிம் நூலில் காண்கிறோம். உன் சகோதரன் விரும்பாத ஒன்றை அவனைப் பற்றிச் சொல்வதே கீபத் என்றார்கள். சொல்வது உண்மையாக இருந்தாலுமா என்று கேட்கப்பட்டது. உண்மையாக இருந்தால்தான் அது கீபத். இல்லாவிட்டால் அது அவதூறு என்பது அவர்கள் விளக்கத்தின் கருத்து. "உள்ளதைத்தானே சொன்னேன்" என்று நாம் தினமும் சொல்லும் சமாதானத்தை அந்த ஒரே பதில் அடியோடு வெட்டிவிடுகிறது. உள்ளதைச் சொன்னதுதான் குற்றமே.

ஒரு மரணமும் எட்டு வாரங்களும்

இப்போது ஆறாம் பருவத்துக்கு வருகிறேன். 2009இல் வந்த இறுதிப் பருவம், எட்டே எபிசோடுகள். தொடக்கத்திலேயே ஜென்னி நீச்சல் குளத்தில் இறந்து கிடக்கிறாள். காவல்துறை வருகிறது. பிறகு கதை சில மாதங்கள் பின்னே சென்று, அவளைக் கொல்ல யாருக்கெல்லாம் காரணம் இருந்தது என்று வாரம்தோறும் அடுக்குகிறது. ஆலிஸின் கதைக் கருவை ஜென்னி திருடி விற்கிறாள். ஷேனுக்கு வந்த ஒரு கடிதத்தை மறைக்கிறாள். படச்சுருள் காணாமல் போன விவகாரத்தில் டினாவுக்கு இழப்பு.

இவற்றுள் ஒன்று என்னை அதிகம் சிந்திக்க வைத்தது. உடைந்த கண்ணாடியைப் பொறுக்கக் குனிந்த ஒரு பெண்ணையும் அருகில் நின்ற பெட்டையும் ஜென்னி பார்க்கிறாள். தவறான செயல் நடப்பதாக முடிவு செய்கிறாள். அதைத் தன் செல்பேசியில் பதிந்துகொண்டு, பெட்டின் குடும்பத்தைக் குலைக்கும் ஆயுதமாக அதை வைத்துக்கொள்கிறாள். கண் கண்டது உண்மை. மனம் எழுதிய விளக்கம் பொய். கையில் இருந்த கருவி அந்தப் பொய்க்குச் சாட்சியானது.

ஹுஜுராத் அத்தியாயத்தின் 12ஆவது வசனத்தை ஓதியவர்களுக்கு இந்த வரிசை புதிதல்ல. அந்த வசனம் மூன்று செயல்களை அடுத்தடுத்துத் தடுக்கிறது: தீய சந்தேகம், துருவி ஆராய்தல், புறம் பேசுதல். சந்தேகம்தான் துருவ வைக்கிறது. துருவிக் கண்டது வாயில் நிற்பதில்லை. அந்த மூன்றின் முடிவு எவ்வளவு அருவருப்பானது என்பதற்கு அல்லாஹ் காட்டிய உவமை, இறந்த சகோதரனின் மாமிசத்தைத் தின்பது. ஜென்னி நீரில் கிடக்கும்போது அவளுக்காக அழுவதற்குக் கதையில் நேரமில்லை. யாருக்கு எவ்வளவு பகை என்ற கணக்குத்தான் நடக்கிறது. அந்த உவமையைத் தொலைக்காட்சிக்காரர்கள் வாசித்திருக்க மாட்டார்கள். ஆனால் அதையே படம்பிடித்துவிட்டார்கள்.

கடைசியில் யார் கொன்றது என்று சொல்லவே இல்லை. தொடர் முடிந்த பிறகு, தோழிகளைக் காவல்துறை விசாரிக்கும் காட்சிகளைத் தனியே இணையதளத்தில் வெளியிட்டார்கள். அங்கும் விடை இல்லை. வேறு எங்கும் தம்மைப் போன்றோரைக் கதையின் நடுவில் காணாத பெண்கள் ஐந்து ஆண்டுகள் அந்தத் தொடரை நம்பிப் பார்த்தார்கள். அவர்களுக்கு அந்தத் தொடர் கொடுத்த இறுதிப் பரிசு, தம் தோழிகள் அனைவரும் கொலைச் சந்தேகத்தில் வரிசையாக அமர்ந்திருக்கும் காட்சி. ரசிகர்கள் கொதித்துப் போனதில் வியப்பில்லை. 2006இல், மூன்றாம் பருவத்தில், டேனா என்ற பாத்திரத்தை மார்பகப் புற்றுநோயில் சாகடித்தபோதும் அவர்கள் கோபப்பட்டார்கள். ஆனால் அந்த மரணத்தில் துக்கம் இருந்தது, மருத்துவமனை இருந்தது, தோழிகளின் கண்ணீர் இருந்தது. இறுதிப் பருவத்தின் மரணத்தில் இருந்ததெல்லாம் வம்பு. மனிதர்களை மனிதர்களாகக் காட்டப் போகிறோம் என்று புறப்பட்டவர்கள், முடிவில் அவர்களைச் சந்தேகத்தின் தீனியாக்கினார்கள். சந்தேகம் விற்கும், துக்கம் அவ்வளவு விற்காது. தொடரை உருவாக்கியவர்கள் மீது என் குற்றச்சாட்டு இதுவே.

இப்போது நம் பக்கம்

அந்தத் தந்தையின் கதையை இதுவரை வாசித்த உங்களில் பலருக்கு ஒரு கேள்வி உள்ளே ஓடிக்கொண்டே இருந்திருக்கும். அந்தப் பெண் ஏன் அதைப் பார்த்தாள்? அவள் அப்படிப்பட்டவள்தானா?

எனக்குத் தெரியாது. நான் கேட்கவில்லை. கேட்கும் உரிமை எனக்கு இல்லை. அவளாக வந்து அறிவுரை கேட்டால் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன், அவள் வரவில்லை. உங்களுக்குள் எழுந்த அந்தக் கேள்வி இருக்கிறதே, பதில் கிடைக்காதபோது ஏற்படும் அந்தச் சிறிய ஏமாற்றம் இருக்கிறதே, அதைப் பிடித்து நிறுத்திப் பாருங்கள். எட்டு வாரங்கள் அந்தத் தொடர் தன் பார்வையாளரிடம் வளர்த்த பசியும் அதுவே. நமக்கு அதை வளர்க்க ஷோடைம் தேவைப்படவில்லை.

நான் பிறரை மட்டும் சொல்லவில்லை. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு ஜும்ஆ பயானில், இளைஞர்கள் கெட்டுப்போவதைப் பற்றிப் பேசினேன். "நம் ஊரிலேயே ஒரு குடும்பத்தில்" என்று தொடங்கி ஒரு சம்பவத்தைச் சொன்னேன். பெயர் சொல்லவில்லை; தெருவும் சொல்லவில்லை. பாடமாகச் சொல்கிறேன் என்றே நினைத்தேன். தொழுகை முடிந்து வெளியே வருவதற்குள் எல்லாருக்கும் யாரென்று தெரிந்திருந்தது. அந்த ஆண்டு முடிவதற்குள் அந்தக் குடும்பம் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போய்விட்டது. நான் தேடிச் சென்று மன்னிப்புக் கேட்டேன். அந்தப் பெரியவர் எனக்குத் தேநீர் கொடுத்தார். "நீங்கள் பெயர் சொல்லவில்லையே, ஹஜ்ரத்" என்று மட்டும் சொன்னார். மன்னித்தேன் என்றும் சொல்லவில்லை. மன்னிக்க மாட்டேன் என்றும் சொல்லவில்லை.

டினாவை நினா என்று எழுதிய ஜென்னியைப் பற்றி வாசித்தபோது நான் அந்தத் தேநீரைத்தான் நினைத்தேன். மிம்பருக்கு முன் நின்று நான் செய்ததும் ஓர் எழுத்து மாற்றம்தான். நாளை மறுமையில் என் தொழுகையும் நோன்பும் அந்தக் குடும்பத்தின் கணக்குக்குப் போய்விடுமோ என்ற அச்சம் இன்றும் என்னை விடவில்லை. வணக்கங்களோடு வந்து, பிறர் மானத்தைப் பறித்ததால் வெறுங்கையோடு நிற்பவனையே நபி (ஸல்) அவர்கள் உண்மையான ஓட்டாண்டி என்று அடையாளம் காட்டினார்கள். இப்போது நான் எழுதும் இந்தச் சம்பவத்துக்கும் அந்தத் தந்தையிடமும் மகளிடமும் அனுமதி கேட்டேன். அடையாளம் தெரியாதவாறு மாற்றி எழுதியதை அவர்களுக்கு வாசித்துக் காட்டிய பிறகே வெளியிடுகிறேன்.

சொல்லப்படும் மூன்று பதில்கள்

முதல் பதில்: "தீமையைத் தடுப்பது கடமை அல்லவா?" கடமைதான். ஆனால் தடுக்கப்பட வேண்டிய தீமை கண்ணெதிரே வெளிப்படையாக நடப்பது என்று நம் அறிஞர்கள் நிபந்தனை விதித்திருக்கிறார்கள். மறைந்திருப்பதைத் தோண்டி எடுத்து, பிறகு அதைத் தடுக்கிறேன் என்பது கடமையைச் செய்வதாகாது. மாஇஸ் (ரழி) அவர்கள் தாமே வந்து தம் தவறை ஒப்புக்கொண்டபோது நபி (ஸல்) அவர்கள் மீண்டும் மீண்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அவரை அங்கே போகச் சொன்ன ஹஸ்ஸால் (ரழி) அவர்களிடம், உம் ஆடையால் அவரை மறைத்திருந்தால் அது உமக்குச் சிறந்ததாக இருந்திருக்கும் என்ற கருத்தில் சொன்னதை அபூதாவூதில் காண்கிறோம். ஒப்புக்கொள்ள வந்தவரிடமே இந்த அணுகுமுறை என்றால், உறங்குகிற பிள்ளையின் தலையணைக்கு அடியிலிருந்து எடுத்ததை நான்கு பேரிடம் கொண்டுபோனவரை என்னவென்று சொல்வது?

இரண்டாம் பதில்: "பிள்ளையைக் கண்காணிப்பது பெற்றோரின் உரிமை." உரிமை மட்டுமல்ல, பொறுப்பு. பத்து வயதுப் பிள்ளையின் கையில் பூட்டில்லாத இணையத்தைக் கொடுப்பவர் பொறுப்பற்றவர். ஆனால் கண்காணிப்புக்கும் வேவுக்கும் வேறுபாடு உண்டு. "இந்த வீட்டில் செல்பேசிக்கு இன்ன நேரம், இன்ன வரம்பு" என்று முன்கூட்டியே சொல்லி, பிள்ளைக்குத் தெரிந்தே நடப்பது கண்காணிப்பு. இருபது வயது நிரம்பிய மகள் உறங்கும்வரை காத்திருந்து எடுப்பது வேவு. சொந்த வீட்டுக்குள்ளேயே, பருவமடைந்த பிள்ளைகளும் பெரியவர்களும் ஒருவர் அறைக்குள் ஒருவர் அனுமதி கேட்டு நுழைய வேண்டும் என்று நூர் அத்தியாயம் கற்பிக்கிறது. இன்றைய பிள்ளைக்குச் செல்பேசியும் ஓர் அறைதான். ஒருவேளை பெற்றோர் பார்க்க நேர்ந்துவிட்டால்கூட, கண்டதைப் பிறரிடம் எடுத்துச் செல்லும் உரிமை எங்கிருந்து வந்தது? பார்த்தது ஒரு தவறு என்றால், பரப்பியது நான்கு.

மூன்றாம் பதில்: "இப்படியெல்லாம் பேசினால் பாவத்தை இலேசாக்குவதாகும்." மாறாக, மார்க்கம் எதைக் கனமாக்கியதோ அதை இலேசாக்கிக்கொண்டிருப்பவர்கள் நாம்தான். அதே நூர் அத்தியாயத்தின் 4ஆம் வசனத்தைப் பாருங்கள். கற்புள்ள பெண்ணின் மீது பழி சுமத்துபவன் நான்கு சாட்சிகளைக் கொண்டுவர வேண்டும்; இல்லையேல் அவனுக்கு 80 கசையடிகள், அவனுடைய சாட்சியம் இனி ஏற்கப்படாது. சட்டத்தின் சாட்டை முதலில் யாரை நோக்கித் திரும்பியிருக்கிறது என்று கவனியுங்கள். அன்னை ஆயிஷா (ரழி) அவர்கள் மீது மதீனாவில் ஒரு மாத காலம் பரவிய அவதூறைக் கண்டிக்க இறங்கிய வசனங்களும் இதே அத்தியாயத்தில்தான் உள்ளன. ஏதும் அறியாமல் நாவிலிருந்து நாவுக்கு மாற்றிய பேச்சை மக்கள் சிறிதென்று எண்ணினார்கள். அல்லாஹ்விடம் அது மிகப் பெரிது என்று அங்கே எச்சரிக்கப்படுகிறது. அன்று நாவு. இன்று பெருவிரல்.

கேட்காதே என்று சொல்லிவிட்டுக் கேட்டவர்கள்

இன்னொரு தவறான புரிதலையும் தீர்த்துவிட வேண்டும். "அப்படியானால் மூடி மறைத்துவிட்டால் போதுமா? அதுதான் இஸ்லாமா?" என்று இளைஞர்கள் சிலர் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. அதற்கும் அந்தத் தொடரிலேயே ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது.

நான்காம் பருவத்தில் டாஷா என்ற பாத்திரம் வருகிறாள். இராக் போரில் பணியாற்றிய அமெரிக்க ராணுவ அதிகாரி. அக்காலத்து அமெரிக்க ராணுவத்தில் 1993 முதல் ஒரு விதி இருந்தது: தன்பால் ஈர்ப்பு உண்டா என்று நாங்கள் கேட்க மாட்டோம், நீங்களும் சொல்லக் கூடாது, தெரிந்துவிட்டால் வெளியேற்றப்படுவீர்கள். பேச்சில் மட்டும் அது கேட்காத விதி. நடைமுறையில் மூன்றாம் நபர் கொடுத்த தகவலைக் கொண்டும் விசாரணை தொடங்க முடிந்தது. ஐந்தாம் பருவத்தில் டாஷா அந்த விசாரணையைத்தான் சந்திக்கிறாள். முடிவில் ராணுவத்தை விட்டு வெளியேறுகிறாள். இது கற்பனை மட்டுமல்ல. அந்த விதியின் கீழ் 13,000க்கும் மேற்பட்ட வீரர்கள் வெளியேற்றப்பட்டார்கள். அதை நீக்கும் சட்டம் 2010 டிசம்பரில் கையெழுத்தாகி, 2011 செப்டம்பர் 20 அன்று விதி முடிவுக்கு வந்தது.

அந்த ராணுவம் செய்தது மறைத்தல் அல்ல. ஒவ்வொரு தோழனையும் உளவாளியாக்கியது. மறைத்தல் என்றால் மற்றவரின் மானத்துக்குக் காவல் நிற்பது. எவர் ஒரு முஸ்லிமின் குறையை மறைக்கிறாரோ அவருடைய குறையை அல்லாஹ் மறுமையில் மறைப்பான் என்ற நபிமொழி இந்தக் காவலைத்தான் கேட்கிறது. அந்தக் காவலுக்குள் இருப்பவர் பயமின்றி உண்ணலாம், படிக்கலாம், தொழலாம், தன் உம்மாவிடம் பேசலாம், தேவைப்பட்டால் ஓர் ஆலிமிடம் தனியே வந்து கேட்கலாம். எப்போது பிடிபடுவோமோ என்று நடுங்கிக்கொண்டு வாழ வைப்பதற்கு மறைத்தல் என்று பெயர் சூட்டாதீர்கள். நம் வீடுகள் பல இன்று அந்த ராணுவ முகாமைப் போலத்தான் இருக்கின்றன. கேட்பதில்லை, ஆனால் வேவு பார்க்கிறோம். பேசுவதில்லை, ஆனால் பரப்புகிறோம். அப்படிப்பட்ட வீட்டில் பிள்ளைக்கு ஒரு குழப்பம் வந்தால் அது யாரிடம் போகும்? திரையிடம்தான் போகும். திரை கேள்வி கேட்காது, மச்சானிடம் சொல்லாது. பிறகு திரை பிள்ளையைப் பறித்துவிட்டது என்று அழுகிறோம். நாம் கதவை மூடியதால்தான் அது சன்னலைத் தேடிப் போயிற்று.

என்ன செய்ய வேண்டும்

அந்தத் தந்தையிடம் நான் ஓதிப் பார்க்க வேண்டியது அவர் மகளுக்கு அல்ல என்று சொன்னேன். அவர் முகம் சிவந்தது. எழுந்து போய்விடுவார் என்றே நினைத்தேன். போகவில்லை. மஃரிப் பாங்கு வரை அமர்ந்திருந்தார். மூன்று காரியங்களை அவரிடம் சொன்னேன். அவற்றையே உங்களிடமும் சொல்கிறேன்.

செல்பேசியை மகளிடம் திருப்பிக் கொடுங்கள். எடுத்ததற்கு மன்னிப்புக் கேளுங்கள். தந்தை மகளிடம் மன்னிப்புக் கேட்டால் மரியாதை போய்விடும் என்று அஞ்சாதீர்கள். தவறு செய்தவன் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று அவளுக்குக் கற்பித்தவர் நீங்கள்தான்.

கல்லூரியை நிறுத்தாதீர்கள். கல்வியைத் தண்டனைக் கருவியாக்கும் அதிகாரத்தை மார்க்கம் உங்களுக்குத் தரவில்லை. அவள் வீட்டில் அடைபட்டால், ஏன் நின்றாள் என்ற கேள்வியே அடுத்த வதந்திக்கு விதையாகும்.

யார் யாரிடம் சொன்னீர்களோ அவர்களிடம் திரும்பிப் போய், "நான் சொன்னது தவறு, எனக்கு அந்த உரிமை இல்லை, இதை இனிப் பேசாதீர்கள்" என்று சொல்லுங்கள். இதுதான் மிகக் கடினம் என்றேன். "இதை மட்டும் விட்டுவிடுங்கள், ஹஜ்ரத்" என்றார். தவ்பாவின் நிபந்தனைகளில் ஒன்றை நான் எப்படி விட்டுக்கொடுப்பது?

அவர் போனார். நான்கு பேரில் மூவர் கேட்டுக்கொண்டார்கள். ஒருவர், "அதெல்லாம் எல்லாருக்கும் தெரிந்துவிட்டது பாய்" என்று சிரித்தாராம். அந்தப் பெண் மீண்டும் கல்லூரிக்குப் போகிறாள். தந்தையிடம் அவள் நேராகப் பேச வெகுநாள் ஆயிற்று. பெருநாளன்று அவராக அவள் தட்டில் வட்டலப்பம் வைத்தபோது, "போதும் வாப்பா" என்றாளாம். அந்த இரண்டு சொற்களை என்னிடம் சொல்லும்போது அவர் கண் கலங்கினார். அவ்வளவுதான் இதுவரை. மீதியை அல்லாஹ் அறிவான்.

சகோதர சகோதரிகளே, தொலைக்காட்சித் தொடர்கள் வரும், போகும். 2009இல் ஒன்று முடிந்தது. 2019இல் மற்றொன்று வந்தது. நாளை வேறொன்று வரும். அவற்றைத் தடுக்கும் அதிகாரம் உங்களுக்கும் எனக்கும் இல்லை. ஆனால் இன்றிரவு உங்கள் செல்பேசிக்கு யாரோ ஒருவருடைய மகளைப் பற்றி, மகனைப் பற்றி ஒரு செய்தி வரும். அதை அடுத்தவருக்கு அனுப்புவதா, அங்கேயே அழித்துவிடுவதா என்ற அதிகாரம் முழுக்க உங்கள் பெருவிரலில் இருக்கிறது. பிறரின் குறைகளைத் துருவுபவனின் குறையை அல்லாஹ் துருவினால், அவன் தன் வீட்டுக்குள் இருந்தாலும் இழிவடைவான் என்பது நபி (ஸல்) அவர்களின் எச்சரிக்கை.

யா அல்லாஹ், எங்கள் குறைகளை மறைப்பாயாக. நாங்கள் வெளிப்படுத்திய பிறர் குறைகளுக்காக எங்களை மன்னிப்பாயாக. எங்கள் பிள்ளைகள் அச்சமின்றி எங்களிடம் வந்து பேசும் வீடுகளை எங்களுக்குத் தருவாயாக. ஆமீன்.

வஸ்ஸலாம்.